மற்றப் பக்கத்துக் கொடி

இல்-பிசார், மொன்றியல்
06.07.2025

அன்பு மருமகள் தக்ஷினிக்கு,

மாமா பேரின்பநாதன் மொன்றியலில் இருந்து எழுதுவது. என்னுடைய இரண்டு முழங்காலும் சுகம். உன்னுடைய இரண்டும் சுகமா என்பதுதான் என் முதல் கேள்வி. மெல்பேணில் ஓடி ஓடி விசில் ஊதுகிற நடுவருக்கு மற்றதெல்லாம் பிறகு.

ரெலிபோனில் சொன்னால், "மாமா, எனக்குப் பயிற்சிக்கு நேரமாச்சு" என்று பாதியில் வெட்டிவிடுவாய். கடிதத்தை வெட்ட முடியாது. அதனால்தான் எட்டாம் வகுப்போடு நின்ற கையால் இந்த வேலையைச் செய்கிறேன். எட்டாம் வகுப்பு என்றாலும் அந்தக் காலத்து எட்டாம் வகுப்பு. இந்தக் காலத்துப் பட்டதாரிக்குச் சமம் என்று எங்கள் தலைமை வாத்தியாரே சொல்லியிருக்கிறார்.

யூலை முதலாம் திகதி இங்கே ஊரே வீடு மாறும் நாள். மேல்மாடியில் இருந்த குடும்பமும் போய்விட்டது. இப்போது முழு வீடும் அரண்மனை மாதிரி எனக்குத்தான். தும்மினால் எதிரொலி கேட்கிறது. மாமி அடுப்படியில் வடை போடுகிறா. உனக்குக் கடிதம் எழுதுகிறேன் என்றவுடன், "பிள்ளையை இந்த வெயிலுக்குத் தொப்பி போட்டு ஓடச் சொல்லுங்கோ" என்று அங்கிருந்தே சத்தம் போடுகிறா. சொல்லிவிட்டேன்.

இனி விளையாட்டுச் செய்தி. நேற்று லவாலில் உங்கள் அவுஸ்திரேலிய உதைபந்தாட்டம். கம்பியில் இழுத்துப்போகும் பாதைப்படகு கோடையில் ஓடுகிறபடியால், இந்தத் தீவில் இருந்து லவாலுக்குப் பத்து நிமிடத்தில் போய்விட்டேன். கொடிப் பையோடு நான் ஏறியதும் படகோட்டி எழுந்து நின்று வணக்கம் சொன்னான். ஆட்டத்துக்கு ஒட்டாவாவில் இருந்து அவுஸ்திரேலியத் தூதரகத்து ஆள் ஒருவர் வந்து, நேராக என்னிடம்தான் வந்தார். நான் கம்பங்களுக்கு நடுவில் நின்று இரண்டு வெள்ளைக் கொடிகளையும் வீசிய வீச்சைப் பார்த்து மனுசன் வாயடைத்துப் போனார்.

இதெல்லாம் நீ தந்த பதவி. மூன்று வருடத்துக்கு முன் எங்கள் மகள் வித்தியாவின் கலியாணத்துக்கு வந்து நின்றபோது, அந்தப் பூங்காவில் முட்டை வடிவப் பந்தைக் கண்டுவிட்டு, "மாமா, இது எங்கட விளையாட்டெல்லோ" என்று கத்தினாயே. நடுவர் வரவில்லை என்று அவர்கள் முழிக்க, கலியாணத்துக்குக் கொண்டுவந்த சப்பாத்தோடு நீ இறங்கி விசில் ஊதினாய். என்னைக் கம்பத்தடியில் விட்டு, மாமியின் இரண்டு வெள்ளைச் சமையல் துணிகளைத் தடியில் கட்டித் தந்தாய். நாலு கம்பத்தில் பந்து நடு இரண்டுக்குள்ளால் சுத்தமாகப் போனால் இரண்டு கொடி, ஆறு புள்ளி. ஓரத்தால் போனாலோ, கம்பத்தில் பட்டாலோ ஒரு கொடி, ஒரு புள்ளி. வீசிய பிறகு மற்றப் பக்கக் கம்பத்தில் நிற்கிற கொடிக்காரர் திரும்பி வீசும்வரை பார்த்து நிற்கவேண்டும். அவர் வீசினால்தான் அவருடைய புள்ளி அட்டையிலும் ஏறிவிட்டது என்று அர்த்தம். இதை ஐந்து நிமிடத்தில் சொல்லித் தந்தாய். மற்றவர்களுக்கு ஐந்து வருடம் எடுக்குமாம்.

இப்போது எனக்கு மற்றப் பக்கம் நிற்பது அக்னெஸ் ரீச்சர். மட்டக்களப்புக்காரி, பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் படிப்பித்து ஓய்வு பெற்றவ. மகன் விளையாடுகிறபடியால் வந்து சேர்ந்தா. நூற்றைம்பது மீட்டர் தூரத்தில் ஒரு வெள்ளைப் புள்ளி மாதிரித்தான் தெரிவா. ஆனால் ஒருநாளும் வீசாமல் விட்டதில்லை.

முக்கியமான செய்தியைக் கடைசிக்கு வைத்திருக்கிறேன். ஆனந்தராசா யூரியூப்பில் நடத்தும் நிகழ்ச்சிக்கு என்னைக் கூப்பிட்டு ஒரு மணித்தியாலம் பேட்டி எடுத்தான். முழுக்க முழுக்க உன்னைப் பற்றித்தான். பதினைந்து வயதில் சின்னப்பிள்ளைகளின் ஆட்டத்துக்கு விசில் ஊதத் தொடங்கி, பதினாலு வருடத்தில் ஆறடி ஆண்களுக்கு நடுவில் நிற்கிற வரலாற்றைச் சொன்னேன். இந்த வீதியில் நீ பின்பக்கமாக ஓடிப் பயிற்சி செய்ததையும், எதிர்வீட்டுக்காரி பயந்து அம்புலன்ஸ் கூப்பிடப் போனதையும் சொன்னேன். செப்டம்பரில் இரண்டாம் நிலை இறுதியாட்டத்துக்கு உன்னை எடுத்தால் அடுத்த வருடம் நாடே பார்க்கும் முதலாம் நிலைதான் என்றேன். ஒரு ஆட்டத்தில் பதின்மூன்று கிலோமீட்டர் ஓடுவாய் என்று உன் அம்மா சொன்னதை நான் பதினெட்டு என்றேன். ஒரு செய்தி சமுத்திரத்தைத் தாண்டி வரும்போது கொஞ்சம் வளரத்தானே வேண்டும்.

"மருமகளுக்கு எந்த அணி பிடிக்கும்?" என்று ஆனந்தராசா கேட்டான். நான் விடுவேனா? நீ பத்து வயதில் நீலச் சட்டை போட்டு நிற்கிற படத்தைத் தூக்கிக் காட்டி, "சின்னனில இருந்தே அவள் நீலச்சட்டைக்காரற்ர ஆள். அவள் நடுவில நிக்கும்வரை அவையளை ஒருத்தரும் அசைக்கேலாது" என்று சொன்னேன். கீழே கைதட்டுப் படங்கள் மழை மாதிரிக் கொட்டின. பதினாலாயிரம் பேர் பார்த்துவிட்டார்கள். உனக்கு இணைப்பு அனுப்பினேன், நீ இன்னும் ஒன்றும் சொல்லவில்லை. பெருமையில் பேச்சு வராமல் இருக்கிறாயாக்கும்.

உன் விசில் சத்தம் எட்டுத் திக்கும் கேட்கட்டும்.

இப்படிக்கு,
மாமா க. பேரின்பநாதன்
தலைமைக் கொடி நடுவர், கிழக்குக் கனடா


இல்-பிசார்
09.08.2025

அன்பு மருமகளுக்கு,

முதல் கடிதம் கிடைத்திருக்கும். பதில் வரவில்லை. ரெலிபோன் மணி அடித்து அடித்து நிற்கிறது. வட்ஸ்அப்பில் நான் அனுப்புவதற்கு ஒற்றைச் சரி அடையாளம்தான் விழுகிறது.

நேற்று உன் அம்மா ரெலிபோன் எடுத்தா. என் தங்கச்சி பாலாம்பிகை இந்த அறுபது வருடத்தில் என்னோடு சத்தம் போட்டுக் கதைத்ததில்லை. நேற்றும் சத்தம் போடவில்லை, அதுதான் பயமாக இருந்தது. "அண்ணை, நீங்கள் வாயைத் திறந்ததால என்ர பிள்ளையின்ர விசில் போச்சுது" என்றா. நான் பகிடி என்று நினைத்துச் சிரித்துவிட்டேன். பிறகுதான் மற்றதைச் சொன்னா.

மெல்பேணில் யாரோ என் பேட்டியை ஆங்கிலத்தில் எழுதி நடுவர் சங்கத்துக்கு அனுப்பினானாம். நடுவருக்கு அணி இருக்கக் கூடாதாம். உன்னை ஆட்டங்களில் இருந்து நிறுத்தி வைத்திருக்கிறார்களாம். செப்டம்பர் பன்னிரண்டாம் திகதி விசாரணையாம். போன வருடம் நீலச்சட்டைக்காரர் வென்ற ஒரு ஆட்டத்தில் நீ கொடுத்த தீர்ப்புகளை எல்லாம் திரும்பப் போட்டுப் பார்க்கிறார்களாம். அதில் பிழை இல்லாவிட்டாலும், சந்தேகம் இருந்தால் நடுவர் பட்டியலில் இருந்து பெயரை வெட்டிவிடலாமாம்.

பிள்ளை, இதெல்லாம் பொறாமை. ஒரு தமிழ்ப் பெட்டை நடுவில் நிற்கிறாள் என்றால் நாலு பேருக்கு வயிறு எரியத்தான் செய்யும். மாமன் மருமகளைப் பற்றி நாலு வார்த்தை கூட்டிச் சொன்னால் அது சாட்சியா? எங்கள் ஆட்கள் கேட்டால் சிரித்துவிட்டுப் போவார்கள். வெள்ளைக்காரனுக்கு எல்லாவற்றையும் அப்படியே நம்புகிற பழக்கம்.

நீ யோசிக்காதே. நான் ஒரு வழி கண்டுபிடித்துவிட்டேன். எனக்கு இரண்டு வருடத்துக்கு முன் மண்டையில் சத்திரசிகிச்சை நடந்தது, அன்றிலிருந்து என் வாயில் வருவது எனக்கே தெரிவதில்லை என்று சங்கத் தலைவருக்கு ஒரு கடிதம் தயாரித்திருக்கிறேன். ஒன்பது மணித்தியாலச் சத்திரசிகிச்சை, அமெரிக்காவில் இருந்து வந்த டாக்குத்தர். வாசித்தால் கல்லும் அழும். ஆங்கிலத்தில் தட்டித் தரச் சொல்லி அக்னெஸ் ரீச்சரிடம் கொடுத்தேன். அவ கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, "உங்கட தலையில எங்க தழும்பு?" என்று கேட்டா. பிறகு தாளை நாலாக மடித்து என் சட்டைப்பைக்குள்ளேயே திரும்ப வைத்துவிட்டா. படித்தவர்களுக்கு இருதயம் கொஞ்சம் கடினம்.

வேறு ஆள் பார்க்கிறேன். அனுப்பவா, வேண்டாமா? ஒரு சொல்லில் பதில் போட்டாலும் போதும். மாமியும் கேட்டதாகச் சொன்னா.

அம்மாளாச்சி உன் பக்கம் நிற்பா.

இப்படிக்கு,
உன் மாமா பேரின்பநாதன்


இல்-பிசார்
31.08.2025

தக்ஷினி,

இந்தக் கடிதத்தை மூன்று தரம் எழுதிக் கிழித்தேன். ஒவ்வொரு முறையும் இரண்டாம் பக்கத்துக்கு வரும்போது ஏதோ ஒரு தூதுவர் கதைக்குள் வந்துவிடுகிறார். இது நாலாவது. தூதுவர் வந்தால் வெட்டிவிட்டுத்தான் அனுப்புவேன்.

போன கிழமை, இருபத்துமூன்றாம் திகதி, சனிக்கிழமை ஆட்டத்தில் ஒன்று நடந்தது. இங்கே பாண் சுட்டு விற்கிற ஒரு வெதுப்பகக்காரர் விளையாடுகிறார், கியூபெக்காரர், நாற்பத்தைந்து வயது இருக்கும். மூன்று வருடமாக ஓடுகிறார், ஒரு கோல் அடித்ததில்லை. அன்றைக்கு அவருடைய மனைவியும் சின்ன மகளும் வந்து என் கம்பத்துக்குப் பின்னால் கம்பளி விரித்து இருந்தார்கள். கடைசிக் கால்பகுதியில் மனுசனின் காலுக்குப் பந்து வந்தது. அடித்தார். பந்து உள்ளேதான் வந்தது, ஆனால் வரும்போது இடப்பக்கக் கம்பத்தில் மெல்ல உரசியது. "டிக்" என்று ஒரு சத்தம். எனக்குக் கேட்டது. வேறு ஒருவருக்கும் கேட்டிருக்காது. பின்னால் மகள் "பப்பா! பப்பா!" என்று கத்துகிறாள்.

நான் இரண்டு கொடியையும் எடுத்தேன்.

என் வாழ்க்கையில் நான் அவ்வளவு வடிவாக வீசினதில்லை. வெதுப்பகக்காரர் முழங்காலில் விழுந்து அழுதார். எல்லோரும் அவர் மேலே ஏறி விழுந்தார்கள். நான் நிமிர்ந்து மற்றப் பக்கம் பார்த்தேன். அங்கே அக்னெஸ் ரீச்சர் இரண்டு கொடியையும் எடுத்து எனக்குத் திரும்பி வீசினா.

பிள்ளை, அவவுக்கு அந்தத் தூரத்தில் பந்தே தெரியாது. கம்பம் தெரியாது. என் கொடிதான் தெரியும். நான் இரண்டு என்றால் அவவும் இரண்டு.

ஆட்டம் முடிந்து அட்டைகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தோம். இரண்டும் ஒன்றாகத்தான் இருந்தன. இரண்டும் பிழை. வெதுப்பகக்காரர் அணி மூன்று புள்ளியால் வென்றது. நான் ஒரு கொடி வீசியிருந்தால் இரண்டு புள்ளியால் தோற்றிருக்கும். ரீச்சர் தன் அட்டையில் கையெழுத்து வைக்கப் பேனையைத் திறந்தா. அவவுடைய கையெழுத்து என் பொய்க்குக் கீழே விழப் போகிறது என்று கண்டவுடன், "பொறுங்கோ ரீச்சர், அது கம்பத்தில பட்டது" என்று சொல்லிவிட்டேன்.

அவ பேனையை மூடினா. "போய்ச் சொல்லுங்கோ" என்று மட்டும் சொன்னா. போய்ச் சொன்னேன். தோற்ற பக்கத்துத் தலைவன் ஒரு அவுஸ்திரேலியன், சிரித்துக்கொண்டு என் முதுகில் தட்டினான். வெதுப்பகக்காரர் மகளைத் தூக்கிக்கொண்டு என்னைப் பார்க்காமல் காருக்குப் போனார். அட்டையைத் திருத்தினார்கள். இந்தப் பருவம் முழுக்க எனக்குக் கொடி இல்லை என்று சொன்னார்கள். நியாயம்தான்.

திரும்பி வரும்போது படகில் நான் ஒருவன்தான். படகோட்டி காசை வாங்கிக்கொண்டு கயிற்றை அவிழ்த்தான். அவன் ஒருநாளும் எழுந்து நின்று எனக்கு வணக்கம் சொன்னதில்லை. தூதரகத்து ஆள் என்று எழுதினேனே, அந்த மனுசன் கழிப்பறை எந்தப் பக்கம் என்று கேட்கத்தான் என்னிடம் வந்தார். பேட்டியைப் பார்த்தவர்கள் பதினாலாயிரம் இல்லை, இருநூற்றுப் பதினாலு. ஆனந்தராசாவின் நிகழ்ச்சிக்கு அதுதான் ஆகக் கூடிய தொகை என்பது மட்டும் உண்மை.

மாமி அடுப்படியில் இல்லை. வித்தியாவின் குழந்தையைப் பார்க்க மூன்று கிழமை என்று சொல்லி ரொறன்ரோவுக்குப் போனவ. போன வருடம் தை மாதம் போனவ. பயணப்பெட்டியைப் பூட்டும்போது, "உங்கட கதையைக் கேட்டுக் கேட்டு எனக்கு எது நடந்தது, எது நடக்கேல்லை எண்டே தெரியாமப் போச்சு" என்றா. கோபமாகச் சொல்லவில்லை, களைப்பாகத்தான் சொன்னா. மெல்பேணில் யூலை மாதம் குளிர் என்று மாமிக்குத் தெரியும். வெயிலுக்குத் தொப்பி போடச் சொன்னது நான். நீ முதல் பக்கத்திலேயே பிடித்திருப்பாய்.

உன்னைப் பற்றிச் சொன்னதும் அப்படித்தான். நீ எந்த அணியின் ஆள் என்று எனக்குத் தெரியாது. ஒருநாள் நானே கேட்டிருக்கிறேன், கலியாண வீட்டில். நீ சிரித்துவிட்டு, "விசில் வாங்கின அண்டைக்கே அதை விட்டிட்டன் மாமா" என்று சொன்னாய். அது நல்ல வசனம். அதைப் பேட்டியில் சொல்லியிருக்கலாம். ஆனால் அதற்குக் கைதட்டு வராது என்று நினைத்தேன்.

இன்று காலை தேவாலயம் முடிந்து அக்னெஸ் ரீச்சர் கணினியோடு வந்தா. நான் சொல்லச் சொல்ல ஆங்கிலத்தில் தட்டினா. உன் சங்கத்துக்கு மின்னஞ்சலில் போய்விட்டது, இந்தக் கடிதம் வருமுன் அவர்கள் வாசித்திருப்பார்கள். உனக்குத் தெரியவேண்டும் என்பதற்காகத் தமிழில் கீழே எழுதுகிறேன்:

"என் பெயர் பேரின்பநாதன். தக்ஷினி என் தங்கையின் மகள். அவளுக்கு ஒரு அணி பிடிக்கும் என்று நான் நிகழ்ச்சியில் சொன்னது பொய். அவள் எனக்கு அப்படி ஒருநாளும் சொல்லவில்லை. நான் காட்டிய படத்தில் இருப்பது அவளுடைய பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டியில் நீல இல்லத்துப் பிள்ளைகள் போடும் சட்டை. அந்தப் பள்ளிக்கூடத்தில் கேட்டுப் பார்க்கலாம். நான் பேட்டி கொடுத்தது அவளுக்குத் தெரியாது. கேட்கிறவர்கள் வியக்க வேண்டும் என்பதற்காகக் கதைகளைக் கூட்டிச் சொல்கிறவன் நான். என் கதையைக் கேட்க இப்போது அதிகம் பேர் இல்லை."

பொய் சொல்வதில் மொன்றியலில் என்னை வெல்ல ஆள் இல்லை என்று முதலில் ஒரு வரி போட்டிருந்தேன். ரீச்சர் அதை வெட்டிவிட்டா. கடைசி வரியும் தேவையில்லை என்றா. நான் இருக்கட்டும் என்றேன்.

நேற்று ஆனந்தராசாவிடமும் போனேன். பழைய பேட்டியை எடுக்கச் சொன்னேன். ஆகக் கூடிய தொகை என்று முகத்தைச் சுளித்தான், ஆனாலும் எடுத்தான். அந்த இடத்தில் நானே வந்திருந்து, அன்றைக்குச் சொன்னது பொய் என்று சொன்னதைப் போட்டோம். நாலு நிமிடம். இன்று மத்தியானம் வரை முப்பத்தொரு பேர் பார்த்தார்கள். முந்நூறு என்று எழுதக் கை போனது. முப்பத்தொன்றுதான்.

அந்த முப்பத்தொரு பேரில் மாமியும் ஒரு ஆள். பின்னேரம் வித்தியாவின் போனில் இருந்து எடுத்தா. "பார்த்தனான்" என்றா. பிறகு, "சாப்பிட்டீங்களோ?" என்று கேட்டா. புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும் என்று சொல்ல வாய் வந்தது. "பாண் மட்டும்தான்" என்றேன். "ம்" என்றா. வைத்துவிட்டா. மொத்தமாக ஒரு நிமிடம்கூட இராது. அதற்குப் பிறகு வீட்டில் எல்லா விளக்கையும் போட்டுவிட்டு இருந்துதான் இந்தக் கடிதத்தை எழுதுகிறேன்.

பன்னிரண்டாம் திகதி அவர்கள் என்ன சொல்வார்களோ தெரியாது. என் கடிதம் உனக்கு உதவுமோ, காலம் பிந்திவிட்டதோ, அதுவும் தெரியாது. பதினாலு வருடம் நீ வெயிலிலும் மழையிலும் ஓடிச் சேர்த்த பெயரை நான் ஒரு கைதட்டுக்குக் கொடுத்துவிட்டேன். மன்னித்துக்கொள் என்று எழுத எனக்கு வெட்கமாக இருக்கிறது. எழுதாமல் இருக்கவும் முடியவில்லை.

இங்கே கடைசி ஆட்டம் செப்டம்பர் இருபதாம் திகதி. எனக்குக் கொடி இல்லை, ஆனாலும் போவேன். வெதுப்பகக்காரர் வந்தால் கிட்டப் போய் நிற்பேன், அவர் பார்த்தாலும் சரி, பார்க்காவிட்டாலும் சரி. அதன்பிறகு பாதைப்படகும் அதிக நாள் ஓடாது. குளிர் தொடங்கினால் இந்தத் தீவில் பஸ்ஸும் எப்போதாவதுதான்.

நீ பதில் எழுத வேண்டாம். என்னோடு கதைக்கவும் வேண்டாம். ஒரு கடித உறையில் என் விலாசத்தை எழுதி, உள்ளே ஒன்றும் வைக்காமல் ஒட்டி அனுப்பினாலும் போதும். நான் இங்கே வீசினது உனக்குத் தெரிந்தது என்று விளங்கிக்கொள்வேன். அதுவரை கம்பத்தடியை விட்டு அசையமாட்டேன்.

நீ திரும்பவும் நடுவில் நின்று விசில் ஊதவேண்டும். உன் இரண்டு முழங்காலையும் அம்மாளாச்சி காக்கட்டும்.

மாமா